அவதூறுக்குப் பொதுநல வழக்கு செல்லுமா?

குடியிருப்புச் சங்க வாட்ஸ்அப் குழுவில் "பராமரிப்புப் பணத்தைச் சுருட்டியவர்" என்று உங்களைப் பற்றி எழுதியவர்மீது உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்கு போடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வேண்டாம். கெட்டது உங்கள் ஒருவரின் பெயர். அதில் பொதுநலம் இல்லை என்று முதல் விசாரணையிலேயே தள்ளுபடி ஆகும், செலவுத்தொகை கட்டச் சொல்லவும் வாய்ப்புண்டு. அரசியலமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவு உயர் நீதிமன்றத்துக்குத் தரும் ரிட் (நீதிப்பேராணை) அதிகாரமும் பெரும்பாலும் அரசு அமைப்புகள்மீதுதான், பக்கத்து வீட்டுக்காரர்மீது அல்ல.

உங்களுக்கு இரண்டு வழி. நஷ்டஈடு வேண்டுமானால் சிவில் வழக்கு. இதற்கான கெடு, பதிவு வெளியான நாளிலிருந்து ஒரே ஒரு வருடம். வக்கீல் நோட்டீஸ் அனுப்பிவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தாலும் கெடு நீளாது. பலர் வழக்கைக் கோட்டை விடுவது இங்கேதான். தண்டனை வேண்டுமானால் பாரதிய நியாய சன்ஹிதா (புதிய குற்றவியல் தண்டனைச் சட்டம்) 356-வது பிரிவின் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் தனிநபர் புகார். போலீஸ் நேரடியாக எஃப்ஐஆர் போட முடியாத குற்றம் இது, ஸ்டேஷனுக்கு அலையாதீர்கள். எதிராளியின் தரப்பைக் கேட்ட பிறகே கோர்ட் புகாரைக் கோப்பில் எடுக்கும்.

இன்றே செய்ய வேண்டியது: அந்த மெசேஜை அழிக்காதீர்கள், போனையும் மாற்றாதீர்கள். அனுப்பியவர் எண், தேதி, நேரம் தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷ்ய அதிநியமின் 63(4) பிரிவு கேட்கும், மின்னணுப் பதிவுக்கான சான்றிதழ் இல்லாத வெறும் பிரின்ட்அவுட் எடுபடாது. அதன் இரண்டாம் பகுதியில் நிபுணர் கையெழுத்தும் வேண்டும். அந்த மெசேஜைக் குழுவில் படித்த இரண்டு உறுப்பினர்கள் சாட்சி சொன்னால் வழக்கு உறுதிப்படும். சங்கத்தின் தணிக்கைக் கணக்கையும் வாங்கி வையுங்கள், "உண்மையைத்தான் சொன்னேன்" என்பதுதான் அவருடைய முதல் வாதமாக இருக்கும்.