கேமுக்குக் கேம் ப்ரொஃபைல்: மாற மறுக்கும் மவுஸை வழிக்குக் கொண்டுவருவது எப்படி?

கேள்வி: புதிதாக ஒரு கேமிங் மவுஸ் வாங்கியிருக்கிறேன். லாஜிடெக்கின் மவுஸ் சாஃப்ட்வேரான ஜி ஹப்பில் கவுன்டர்-ஸ்ட்ரைக் 2-க்கு ஒன்று, மைன்கிராஃப்டுக்கு ஒன்று, வீடியோ எடிட்டிங்குக்கு ஒன்று என மூன்று ப்ரொஃபைல் (பட்டன், வேகம், விளக்கு செட்டிங்குகளின் தொகுப்பு) போட்டேன். கவுன்டர்-ஸ்ட்ரைக்கைத் திறந்தால் ஒழுங்காக மாறுகிறது; மைன்கிராஃப்டில் மாறவே மாட்டேன் என்கிறது. ஆல்ட்-டேப் அடித்து வெளியே வந்தால் கர்சர் வேகம் தாறுமாறாகிவிடுகிறது. மேக்ரோ (ஒரே பட்டனில் பல கீ அழுத்தங்களைத் தானாக ஓட்டுவது) வைத்தால் கேமில் தடை போடுவார்களோ என்ற பயமும் இருக்கிறது. மவுஸை வேறொரு கம்ப்யூட்டரில் செருகினால் இந்த செட்டிங் எல்லாம் கூடவே வருமா?

பதில்: உங்கள் மவுஸில் கோளாறு எதுவும் இருப்பதாகத் தெரியவில்லை. ப்ரொஃபைல் எதைப் பார்த்து மாறுகிறது என்று புரிந்துவிட்டால் பாதிப் பிரச்சினை தீர்ந்துவிடும். ஜி ஹப், ரேசர் சினாப்ஸ், கோர்சேர் ஐக்யூ, ஸ்டீல்சீரீஸ் ஜிஜி ஆகிய எல்லாமே அடிப்படையில் ஒரே வேலையைத்தான் செய்கின்றன. இப்போது திரையில் முன்னால் நிற்கிற விண்டோ எந்த இஎக்ஸ்இ ஃபைலிலிருந்து (புரோகிராமை ஓட்டும் ஃபைல்) ஓடுகிறது என்று பார்க்கும். அந்த ஃபைலோடு ஒரு ப்ரொஃபைல் இணைக்கப்பட்டிருந்தால் அதை எடுத்துப் போடும். இல்லாவிட்டால் டெஸ்க்டாப்புக்கு என்று வைத்திருக்கும் பொது ப்ரொஃபைலுக்குப் போய்விடும். ப்ரொஃபைலுக்கு நீங்கள் வைக்கும் பெயரோ அதில் தெரியும் படமோ இந்தக் கணக்கில் வராது.

மைன்கிராஃப்ட் அடம்பிடிப்பது இதனால்தான். நீங்கள் சொடுக்கித் திறப்பது லாஞ்சர், அதாவது கேமைத் தொடங்கிவைக்கும் புரோகிராம். ப்ளே அழுத்தியதும் கேம் தனி விண்டோவாக வருகிறதே, ஜாவா பதிப்பில் அதை ஓட்டுவது லாஞ்சர் அல்ல, ஜாவாவின் இஎக்ஸ்இ. நீங்கள் லாஞ்சரோடு ப்ரொஃபைலை இணைத்திருந்தால், லாஞ்சர் முன்னால் நிற்கும்வரைதான் அது வேலை செய்யும். சரியான ஃபைலைப் பிடிக்க ஒரு சுலபமான வழி இருக்கிறது. கேமை ஓடவிட்டு, உலகத்துக்குள் போனபின் ஆல்ட்-டேப் அடித்து டாஸ்க் மேனேஜரைத் திறங்கள். அங்கே மைன்கிராஃப்ட் என்ற பெயர் இல்லாமல் 'ஓப்பன்ஜேடிகே பிளாட்ஃபார்ம் பைனரி' என்று ஒரு வரி கணிசமான மெமரியைப் பிடித்துக்கொண்டு நிற்கலாம். அதுதான் உங்கள் கேம். அதன்மேல் ரைட் கிளிக் செய்து, ஃபைல் இருக்கும் இடத்தைத் திறக்கும் வாய்ப்பைத் தேர்ந்தெடுங்கள். திறக்கும் ஃபோல்டரில் தேர்வாகி நிற்கிற ஃபைலை ஜி ஹப்பில் புது ஆப்பாகச் சேர்த்து, ஏற்கெனவே செய்து வைத்த ப்ரொஃபைலை அதற்கு நகலெடுத்துவிடுங்கள்.

இன்னொரு நுணுக்கமும் உண்டு. மைன்கிராஃப்டின் வெவ்வேறு பதிப்புகள் வெவ்வேறு ஜாவாவில் ஓடுகின்றன. 1.18-க்கு ஜாவா 17 வேண்டும், 1.20.5-க்கு ஜாவா 21 வேண்டும். லாஞ்சர் ஒவ்வொன்றையும் தனி ஃபோல்டரில் வைத்துக்கொள்கிறது. பழைய மோட் (கேமை மாற்றும் கூடுதல் ஃபைல்) ஒன்றுக்காகப் பதிப்பை மாற்றினால் ஃபைல் இருக்கும் இடமும் மாறிவிடும், ப்ரொஃபைல் மறுபடி வேலை செய்யாது. அப்போது அந்த ஜாவாவையும் இதே முறையில் சேர்த்துக்கொள்ளுங்கள். அன்ரியல் எஞ்சினில் செய்த பல கேம்களிலும் இதே கதைதான். மேல் ஃபோல்டரில் இருக்கும் சின்ன இஎக்ஸ்இ வெறும் வாசல். நிஜமாக ஓடுவது உள்ளே 'பைனரீஸ்' ஃபோல்டரில், 'ஷிப்பிங்' என்று முடியும் பெயரோடு இருக்கும். கவுன்டர்-ஸ்ட்ரைக் உங்களுக்குச் சிக்கல் தராததற்குக் காரணம், ஸ்டீம் வழியாகத் திறந்தாலும் அது தன் பெயரிலேயே ஒரே இஎக்ஸ்இயாக ஓடுவதுதான்.

இப்படிச் செய்தும் மாறவில்லை என்றால் இரண்டு இடங்களைப் பாருங்கள். முதலாவது, மவுஸின் செட்டிங்ஸ் பக்கத்தில் இருக்கும் ஆன்போர்டு மெமரி மோடு. அது ஆனில் இருந்தால் மவுஸ் தன் சொந்த மெமரியில் பதிந்ததை மட்டுமே கேட்கும். சாஃப்ட்வேரில் நீங்கள் போட்ட எதுவும் அதற்கு எட்டாது. இரண்டாவது, கேமை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறக்கும் பழக்கம். சாதாரண அனுமதியில் ஓடும் ஒரு புரோகிராம், அட்மின் அனுமதியில் ஓடும் விண்டோவுக்கு கீ அழுத்தங்களை அனுப்புவதை விண்டோஸ் பாதுகாப்புக்காகத் தடுத்துவிடும். கேமுக்கு அது தேவையே இல்லை என்றால் சாதாரணமாகவே திறங்கள்.

எந்த ப்ரொஃபைல் ஓடுகிறது என்று ஊகித்துக்கொண்டிருக்க வேண்டாம். ஒவ்வொன்றுக்கும் மவுஸ் விளக்கில் ஒரு நிறம் கொடுங்கள்: கவுன்டர்-ஸ்ட்ரைக்குக்குச் சிவப்பு, மைன்கிராஃப்டுக்குப் பச்சை, எடிட்டிங்குக்கு நீலம், டெஸ்க்டாப்புக்கு வெள்ளை. ஆர்ஜிபி விளக்கை அழகுக்கு என்று பலர் ஒதுக்கிவிடுகிறார்கள். என்னைக் கேட்டால் அதன் உருப்படியான பயன் இதுதான். இரண்டு மானிட்டர் இருந்தால், கேம் ஒன்றில் ஓடிக்கொண்டிருக்க மற்றதில் டிஸ்கார்டைச் சொடுக்கிப் பாருங்கள். அந்த நொடியே நிறம் வெள்ளைக்குப் போகும். கேமுக்குள் திரும்பியதும் பச்சைக்கு வரும். வராவிட்டால் ஃபைல் இணைப்பு தவறு என்று உடனே தெரிந்துவிடும். விண்டோஸ் 11-இல் டைனமிக் லைட்டிங் ஆனில் இருந்தால், அதை ஆதரிக்கும் மவுஸ், கீபோர்டுகளின் விளக்கை விண்டோஸே கையில் எடுத்துக்கொள்ளும். அதை அணைத்துவிட்டுச் சோதியுங்கள்.

சரி, கர்சர் வேகம். ஆல்ட்-டேப் அடிக்கும்போது தாறுமாறாவது, கேம் ப்ரொஃபைலிலும் டெஸ்க்டாப் ப்ரொஃபைலிலும் டிபிஐ (மவுஸை ஓர் அங்குலம் நகர்த்தினால் கர்சர் எத்தனை புள்ளி நகரும் என்ற அளவு) வேறு வேறாக இருப்பதால். எல்லா ப்ரொஃபைலுக்கும் ஒரே டிபிஐ வையுங்கள், வேக வித்தியாசத்தைக் கேமுக்குள் இருக்கும் சென்சிடிவிட்டியில் சரிசெய்யுங்கள். கை பழகுவது டிபிஐ, சென்சிடிவிட்டி இரண்டையும் பெருக்கி வரும் எண்ணுக்குத்தான். 400 டிபிஐயில் 2.0 வைத்து ஆடியவர் 800-க்கு மாறினால் 1.0, 1600-க்கு மாறினால் 0.5, குறிபார்க்கும் கைக்கு மூன்றும் ஒன்றுதான். டெஸ்க்டாப்பில் எந்த டிபிஐ வசதியாக இருக்கிறதோ அதையே எங்கும் வைத்து, கேம் எண்ணை இந்தக் கணக்கில் மாற்றிக்கொள்ளுங்கள். விண்டோஸ் மவுஸ் செட்டிங்கில் 'என்ஹான்ஸ் பாயின்டர் பிரசிஷன்' ஆனில் இருந்தால் அணைத்துவிடுங்கள். கையை எவ்வளவு வேகமாக இழுக்கிறீர்கள் என்பதைப் பொறுத்து கர்சர் போகும் தூரத்தை மாற்றுவது அது.

மவுஸ் வரும்போது நாலைந்து டிபிஐ படிகளோடு வரும். ஆட்டத்தின் நடுவே விரல் தவறிப் பட்டு வேகம் மாறுவது பெரும்பாலும் இதனால்தான். ஒரு படியை மட்டும் வைத்துக்கொண்டு மீதியை நீக்கிவிடுங்கள். ஸ்கோப்புக்கு மெதுவாக வேண்டும் என்றால் கவுன்டர்-ஸ்ட்ரைக்கிலேயே ஜூமுக்குத் தனி சென்சிடிவிட்டி இருக்கிறது. போலிங் ரேட்டை (மவுஸ் நொடிக்கு எத்தனை முறை கம்ப்யூட்டருக்குத் தகவல் அனுப்புகிறது என்பதை) பற்றி அதிகம் கவலைப்பட வேண்டாம், 1000 ஹெர்ட்ஸ் தாராளமாகப் போதும்.

பட்டன்களுக்கு வருவோம். பலரும் செய்வது, எல்லாப் பட்டனையும் சாஃப்ட்வேரில் ஏதாவது ஒரு கீயாக மாற்றி வைப்பது. நான் அதைப் பரிந்துரைப்பதில்லை. விண்டோஸுக்கு மவுஸ் பட்டன் என்றால் ஐந்துதான்: இடது, வலது, நடு, அப்புறம் பக்கவாட்டில் இரண்டு. இந்த ஐந்தையும் கவுன்டர்-ஸ்ட்ரைக்கும் மைன்கிராஃப்டும் நேரடியாகவே அடையாளம் கண்டுகொள்ளும். எனவே பக்கவாட்டுப் பட்டன்களை சாஃப்ட்வேரில் தொடாமல், அவை என்ன செய்ய வேண்டும் என்பதைக் கேமின் கன்ட்ரோல்ஸ் பக்கத்தில் சொல்லிவிடுங்கள். ஒருநாள் ஜி ஹப் திறக்காமல் போனாலும் அவை வேலை செய்யும். சாஃப்ட்வேர் தேவைப்படுவது ஆறாவது பட்டனிலிருந்துதான். அதற்கு எஃப்13 முதல் எஃப்24 வரையுள்ள கீகளில் ஒன்றைக் கொடுத்துப் பாருங்கள். உங்கள் கீபோர்டில் அவை இருக்காது, ஆனால் விண்டோஸுக்குத் தெரியும்; வேறு எதோடும் மோதாது. எல்லாக் கேமும் அவற்றை ஏற்காது. ஏற்காத இடத்தில், நீங்கள் தொடாத நம்பேட் கீ ஒன்றைக் கொடுங்கள். டிஸ்கார்டில் பேச அழுத்தும் பட்டனை மட்டும் எல்லா ப்ரொஃபைலிலும் ஒரே இடத்தில், ஒரே கீயாக வையுங்கள். இல்லாவிட்டால் ப்ரொஃபைல் மாறிய நேரத்தில் நீங்கள் பேசுவது யாருக்கும் கேட்காது.

மேக்ரோ பற்றி உங்கள் பயம் நியாயமானது. 2024 ஆகஸ்ட்டில் வால்வ் நிறுவனம் கவுன்டர்-ஸ்ட்ரைக் 2-இல் இதைத் தெளிவாக்கியது. ஓடும் திசையைச் சட்டென்று எதிர்த் திசைக்கு மாற்ற உதவும் கீபோர்டு தானியக்கம் போன்றவற்றை அதன் அதிகாரபூர்வ சர்வரில் கண்டறிந்தால், அந்த ஆட்டத்திலிருந்து வெளியேற்றிவிடுவார்கள். நகர்வையோ தாக்குதலையோ ஒன்றுக்கு மேல் ஒரே பைண்டில் (கேமுக்குள் ஒரு கீக்குக் கொடுக்கும் கட்டளை) சேர்த்தால், கேம் இயல்பாகவே அதைப் புறக்கணிக்கும். இந்தத் தானியக்கத்தைச் செய்யும் ரேசரின் ஸ்நாப் டாப் போன்ற வசதி உங்கள் கீபோர்டில் இருந்தால் இந்தக் கேமின் ப்ரொஃபைலில் அதை அணைத்து வையுங்கள். ஆன்லைன் கேமுக்கு நான் வைக்கும் எல்லை ஒன்றுதான்: ஒரு அழுத்தத்துக்கு ஒரு செயல். துப்பாக்கி உதைப்பைச் சமாளிக்கும் ஸ்கிரிப்ட், விடாமல் சுடும் மேக்ரோ இவை எல்லாம் எதிரில் ஆடுபவரை ஏமாற்றுவதுதான். பிடிபடாவிட்டாலும் செய்யக்கூடாது.

எடிட்டிங் ப்ரொஃபைலில் மேக்ரோவைத் தாராளமாக வையுங்கள். பிரீமியர் ப்ரோவில் கிளிப்பை வெட்ட கன்ட்ரோல்+கே. அதை ஒரு பட்டனுக்குக் கொடுத்தாலே வேலை எவ்வளவு வேகமாகிறது என்று பாருங்கள். மேக்ரோவில் அடுத்தடுத்து வரும் கீகளுக்கு இடையே 30 முதல் 50 மில்லி செகண்ட் இடைவெளி விடுங்கள். தனியாக ஆடும் கேமில் மேக்ரோ வைத்தாலும் இதே அளவு பொருந்தும். நொடிக்கு 60 ஃபிரேம் ஓடும் கேமில் ஒரு ஃபிரேம் ஏறத்தாழ 16.7 மில்லி செகண்ட். அதைவிடச் சீக்கிரம் அழுத்தி விட்டுவிட்டால், ஃபிரேமுக்கு ஒருமுறை கீயைப் பார்க்கும் கேம் அந்த அழுத்தத்தைத் தவறவிடலாம். 'மேக்ரோ சில நேரம் வேலை செய்கிறது, சில நேரம் இல்லை' என்பவர்கள் முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான்.

டெஸ்க்டாப் ப்ரொஃபைலில் மட்டும் ஒரு மேக்ரோவும் வைக்காதீர்கள். ஃபைல் இணைப்பு அறுந்த கேம் எல்லாம் அந்த ப்ரொஃபைலில்தான் வந்து விழும். எடிட்டிங்குக்கு என்று அங்கே வைத்த மேக்ரோ போட்டி ஆட்டத்தின் நடுவில் ஓடிவிடும். டெஸ்க்டாப் ப்ரொஃபைல் சுத்தமாக இருக்கட்டும், அதை நகலெடுத்து ஒவ்வொரு கேமுக்கும் தேவையான மாற்றத்தை மட்டும் செய்யுங்கள்.

வேறு கம்ப்யூட்டருக்கு எடுத்துப்போவது மவுஸுக்குள் மெமரி இருக்கிறதா என்பதைப் பொறுத்தது. இருந்தால் டிபிஐ, போலிங் ரேட், எளிய கீ மாற்றங்கள் மவுஸோடு வரும். ஜி502 ஹீரோ போன்றவற்றில் ஐந்து ப்ரொஃபைல்வரை பதியலாம். ஆனால் கேமைப் பார்த்துத் தானாக மாறுவது வராது. முன்னால் நிற்கும் இஎக்ஸ்இ எது என்று பார்ப்பது சாஃப்ட்வேரின் வேலை, மவுஸுக்கு அது தெரியாது. அதனால் ப்ரொஃபைலை மாற்ற ஒரு பட்டனை ஒதுக்கி, முதல் இடத்தில் கவுன்டர்-ஸ்ட்ரைக்கைப் பதிந்துகொள்ளுங்கள். வீடு திரும்பியதும் ஆன்போர்டு மோடை அணைக்க மறந்தால், 'எதுவும் மாறவில்லை' என்ற பழைய பிரச்சினை திரும்ப வரும்.

எல்லாம் சரியாக அமைந்தபின் ஜி ஹப்பின் செட்டிங்ஸ் ஃபைலை ஒரு நகல் எடுத்து வையுங்கள். ஆப்டேட்டாவுக்குள் லோக்கல் ஃபோல்டரில் 'எல்ஜிஹப்' என்ற பெயரில் இருக்கும் ஃபோல்டரை, ஜி ஹப்பை முழுதாக மூடிவிட்டு அப்படியே நகலெடுத்தால் போதும்.

உங்கள் விஷயத்தில் நான் தொடங்கும் வரிசை இது: இன்றே நிறங்களைக் கொடுங்கள், மைன்கிராஃப்டின் ஜாவா ஃபைலைப் பிடித்து இணையுங்கள், டெஸ்க்டாப் உட்பட எல்லா ப்ரொஃபைலின் டிபிஐயையும் ஒன்றாக்குங்கள். பட்டன்களை ஓரிரு வாரம் ஆடிப் பார்த்துவிட்டு மாற்றலாம். எந்த விரல் எந்தப் பட்டனுக்கு இயல்பாகப் போகிறது என்பது ஆடினால்தான் தெரியும்.