துபாய்க் கொழுந்தன் பேரை எதற்குச் சேர்க்க வேண்டும்?

கேள்வி: எனக்கு அம்பாசமுத்திரம் பக்கம். பாளையங்கோட்டையில் கட்டிக்கொடுத்து நான்கு வருடமாகிறது. வீட்டுக்காரர் குடித்துவிட்டு அடிப்பார். இன்னும் பத்துப் பவுன் வாங்கிட்டு வா என்று மாமியார் தினமும் பிடுங்குவார். என் நகையும் அவர் பீரோவில்தான் இருக்கிறது. போன மாதம் அடித்ததில் கை ஒடிந்து, அம்மா வீட்டுக்கு வந்துவிட்டேன். மாமனார், துபாயில் இருக்கும் கொழுந்தன், அவர் மனைவி, தென்காசி நாத்தனார் என்று எல்லார் பேரையும் புகாரில் போட்டால்தான் இறங்கி வருவார்கள் என்கிறார் அண்ணன். கொழுந்தன் மனைவியான அந்த ஓரகத்திதான் என்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனாள். என்ன செய்வது?

பதில்: அண்ணன் கோபம் நியாயமானது. அவர் சொல்லும் வழிதான் உங்கள் வழக்கைக் கெடுக்கும்.

ஓரகத்தியை எடுத்துக்கொள்ளுங்கள். அடிபட்ட அன்று வீட்டுக்குள் இருந்தவள், உங்களை ஆட்டோவில் ஏற்றியவள். உங்கள் பக்கம் இருக்கும் ஒரே சாட்சி அவள்தான். அவளையே ஐந்தாவது குற்றவாளி ஆக்கினால், தன்னைக் காப்பாற்றிக்கொள்ள மாமியார் பக்கம் போய் நிற்காமல் என்ன செய்வாள்? கொழுந்தன் கதையும் அப்படித்தான். துபாயில் இருந்தவர் பாளையங்கோட்டையில் எப்படிக் கொடுமைப்படுத்தினார் என்று குறுக்கு விசாரணையில் கேட்பார்கள். அந்த ஒரு கேள்வியில் நீங்கள் சொன்ன உண்மைகளும் பொய் மாதிரி ஆகிவிடும்.

யார் என்ன செய்தார் என்று சொல்லாமல் குடும்பத்தையே சேர்த்த வழக்குகளில், அந்த உறவினர்கள் மீதான நடவடிக்கையை உச்ச நீதிமன்றம் ரத்து செய்திருக்கிறது. 2022-லும் 2024 டிசம்பரிலும் வந்த தீர்ப்புகள் இதைத்தான் சொல்கின்றன. நம் ஊர்ப் பக்கம் இப்படிப் பேர் சேர்க்கப்பட்டவர்கள் இதற்காக நேரே உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போவார்கள். அதற்காக மாமியாரை விட்டுவிடச் சொல்லவில்லை. பவுன் கேட்டு நச்சரிப்பது புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா 85-ஆவது பிரிவில் வரும் குற்றம், மூன்று வருடம் வரை சிறை. 2024 ஜூலைக்கு முன் நடந்தவற்றுக்குப் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 498ஏ பிரிவு. மாமனாரைப் பற்றி நீங்கள் ஒன்றுமே எழுதவில்லை. பார்த்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தார் என்பது கேவலம்தான், ஆனால் அதை மட்டும் வைத்து வழக்கு நிற்பது கஷ்டம். அவரும் பவுன் கேட்டிருந்தால் எப்போது, எந்த வார்த்தையில் கேட்டார் என்று எழுதுங்கள்.

எலும்பு முறிவு சட்டப்படி கொடுங்காயம். பாளையங்கோட்டை ஹைகிரவுண்டு அரசு ஆஸ்பத்திரியில் காட்டியிருந்தால், அங்கே பதிந்த ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) நகல் முக்கியம். 'மாடிப்படியில் விழுந்தேன்' என்று அன்று சொல்லியிருந்தாலும் (பாதிப் பேர் அப்படித்தான் சொல்கிறார்கள்) மறைக்காதீர்கள், ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்பதையும் புகாரிலேயே எழுதிவிடுங்கள். எக்ஸ்ரே, நகைக்கடை ரசீது, நகையோடு எடுத்த கல்யாண போட்டோ எல்லாம் சேரட்டும்.

புகாரை அம்பாசமுத்திரம் மகளிர் காவல் நிலையத்திலேயே கொடுக்கலாம். அடைக்கலம் புகுந்த ஊரிலும் வழக்குப் போடலாம் என்று 2019-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. முதலில் இரண்டு பக்கத்தையும் கூப்பிட்டுப் பேசுவார்கள். சரி, பேசுங்கள், ஆனால் புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்காமல் எழுந்து வராதீர்கள். மறுநாளே மாமியாரை உள்ளே வைப்பார்கள் என்று மட்டும் அண்ணன் எதிர்பார்க்க வேண்டாம். உச்ச நீதிமன்றத்தின் 2014 அர்னேஷ் குமார் தீர்ப்புக்கு அப்புறம், இந்த மாதிரி வழக்கில் அவசியம் என்று காரணம் எழுதாமல் கைது கிடையாது, நோட்டீஸ்தான்.

அப்புறம், நகையும் மாதச் செலவும் கிரிமினல் வழக்கில் சீக்கிரம் கைக்கு வராது. அதற்கு 2005-ஆம் வருடக் குடும்ப வன்முறைச் சட்டத்தில் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் தனி மனு போடுங்கள். கணவரோடு மாமியாரையும் அதில் எதிர்மனுதாரராகச் சேர்க்கலாம். கோர்ட் தரும் பாதுகாப்பு உத்தரவை மீறினால் ஒரு வருடம் வரை சிறை உண்டு. மனு எழுத மாவட்டச் சமூகநலத்துறையின் பாதுகாப்பு அலுவலர் உதவுவார். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு, சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். அவசரத்துக்குப் பெண்கள் உதவி எண் 181.

புகார் எழுதும்போது அண்ணனைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளாதீர்கள். போன மாதம் நடந்ததில் தொடங்கி, பின்னோக்கி நீங்களே எழுதுங்கள்.