ஆமோஸும் பாலாறும்

அண்ணனுக்கு ஸ்தோத்திரம்.

வாலாஜா பக்கத்து ஊராட்சி ஒன்றில் இருக்கிறேன். எங்கள் வார்டு பெண்களுக்கு ஒதுக்கப்பட்டிருக்கிறது. மகளிர் குழுவில் பல வருஷமாகக் கணக்கு எழுதுகிறேன். அதனால் உள்ளாட்சித் தேர்தலில் என்னையே நிற்கச் சொல்கிறார்கள் குழுப் பெண்கள். அவர்களில் பாதிக்கு மேல் இந்துக்கள், சில முஸ்லிம் சகோதரிகளும் உண்டு. ஆயரிடம் ஜெபிக்கக் கேட்டேன். "அரசியல் சாக்கடை, விசுவாசிக்கு வேண்டாம். ரோமர் 13ஐ வாசியுங்கள், அதிகாரத்துக்குக் கீழ்ப்படியத்தான் சொல்லியிருக்கிறது" என்றார். ஆனால் போன தேர்தலில் எங்கள் ஆலயத்திலேயே வேட்பாளருக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். குழப்பமாக இருக்கிறது. நான் நிற்பது தவறா?

ஒரு சகோதரி

அன்புள்ள சகோதரிக்கு,

தவறே இல்லை. நில்லுங்கள்.

ஆயரின் பயத்தை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. சாதியும் பணமும் புகுந்து சபை இரண்டுபட்டதை அவர் பார்த்திருக்கலாம். ஆனால் ரோமர் 13ஐ எழுதிய பவுல் எப்படி நடந்துகொண்டார் என்பதையும் சேர்த்து வாசிக்க வேண்டும். அந்த நிருபத்துக்குச் சில வருஷங்கள் முன்பு பிலிப்பியில் விசாரணையே இல்லாமல் அவரையும் சீலாவையும் அடித்துச் சிறையில் போட்டார்கள். விடிந்ததும், விட்டுவிடலாம் என்று ஆள் அனுப்பினார்கள். பவுல் நகரவில்லை. நாங்கள் ரோமக் குடிமக்கள், ஊரறிய அடித்துவிட்டு இப்போது ரகசியமாக அனுப்புவதா, அவர்களே வந்து எங்களை வெளியே அழைத்துப் போகட்டும் என்றார். வந்தார்கள். அப்போஸ்தலர் 16இல் இருக்கிறது.

எனக்கு இன்னும் நெருக்கமானவர் பழைய ஏற்பாட்டுத் தீர்க்கதரிசி ஆமோஸ். யூதா நாட்டுத் தெக்கோவாவில் மந்தை மேய்த்தவர், காட்டத்திப்பழம் பொறுக்கியவர். எளியவனை ஒரு ஜோடு பாதரட்சைக்கு விற்றுப்போட்டார்களே என்று அவர் கொதித்ததை நம் ஊரில் இருந்துகொண்டு வாசித்தால் சுடுகிறது. வாணியம்பாடியிலிருந்து ராணிப்பேட்டை வரை எத்தனை குடும்பங்களுக்குத் தோலும் செருப்பும்தான் சோறு! 2015 ஜனவரி கடைசியில் ராணிப்பேட்டை சிப்காட்டில் தோல் கழிவுத் தொட்டியின் சுவர் இடிந்து 10 பேர் செத்தார்கள். பெரும்பாலும் மேற்கு வங்கத்திலிருந்து பிழைக்க வந்தவர்கள். தூக்கத்திலேயே போய்விட்டார்கள்.

அந்த ஆமோஸை வாயை மூடச் சொன்னவன் பெத்தேல் ஆலயத்தின் ஆசாரியன் அமத்சியா. இது ராஜாவின் பரிசுத்த ஸ்தலம், இங்கே பேசாதே, யூதாவுக்குப் போய்ப் பிழைத்துக்கொள் என்றான். ஆமோஸுக்கு இடமில்லாத அந்த ஆலயத்தில் ராஜாவுக்கு மட்டும் எப்போதும் இடம் இருந்தது. பொன்னாடையைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்ததும் அவன் ஞாபகம்தான் வந்தது.

நீதி வற்றாத நதியைப்போல் வர வேண்டும் என்று ஆமோஸ் கேட்டது பாலாற்றுக்காரர்களுக்கு நன்றாகவே புரியும். தெக்கோவா வனாந்தரத்தின் ஓரத்து ஊர். மழை பெய்தால் புரண்டு ஓடி, அப்புறம் மணலாகக் கிடக்கிற காட்டாறுகளைப் பார்த்தே வளர்ந்திருப்பார். நம் ஆறும் அப்படித்தான். போதாததற்குத் தோல் கழிவு வேறு. அதற்காக வேலூர் குடிமக்கள் நல மன்றம் 1991இல் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. அப்போது நாம் வட ஆற்காடு அம்பேத்கர் மாவட்டம். மாசுபடுத்தியவரே அதற்கான விலையைக் கொடுக்க வேண்டும் என்று 1996 ஆகஸ்ட் 28இல் தீர்ப்பு வந்தது. இதே பாலாற்றுக்காக அதே நீதிமன்றம் 2025 ஜனவரியில் மறுபடியும் ஒரு தீர்ப்பு எழுத வேண்டியிருந்தது. தீர்ப்பு டெல்லியில் வரும். அது ஊருக்குள் இறங்கியதா என்று வாரா வாரம் கேட்க வார்டில் ஒரு ஆள் வேண்டும் அல்லவா?

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 2019 மக்களவைத் தேர்தலில் நமக்கு வாக்குப்பதிவு ஏப்ரல் 18 என்று அறிவித்தார்கள். அன்று ஈஸ்டருக்கு முந்தைய பெரிய வியாழன். தேதியை மாற்றச் சொல்லி நம்மவர்கள் நீதிமன்றம் வரை போனார்கள். அது நியாயமான கோரிக்கைதான். ஆனால் 16ஆம் தேதி, பணம் பிடிபட்டதால் வேலூர் தொகுதித் தேர்தலே ரத்தானது. ஆகஸ்ட் 5இல்தான் நடந்தது. யூதாஸ் வாங்கிய முப்பது வெள்ளிக்காசைப் பற்றிப் பிரசங்கம் கேட்கிற வாரம் அது. நான் போகும் ஆலயத்தில் வேலூர் தொகுதியின் காசைப் பற்றி ஒரு வார்த்தை வரவில்லை. நானும் எழுந்து கேட்கவில்லை. அது இன்னும் உறுத்துகிறது.

சரி, நிற்கிறீர்கள் என்றால் என் வேண்டுகோள் ஒன்றே ஒன்று. ஆலயத்தில் ஓட்டுக் கேட்காதீர்கள். சபை முழுக்க உங்களுக்கே போடும் என்று யாராவது பேசி முடித்துத் தர வந்தாலும் வேண்டாம் என்று சொல்லுங்கள். அரசியல் நிர்ணய சபையில் கிறிஸ்தவரான எச்.சி. முகர்ஜியும், சென்னையிலிருந்து போன ஜெரோம் டிசூசா பாதிரியாரும் கிறிஸ்தவர்களுக்கென்று சட்டமன்றங்களில் தனி இடங்கள் வேண்டாம் என்ற பக்கம் நின்றார்கள். அண்டை வீட்டாரை நம்பி எடுத்த முடிவு அது. உங்களைக் கூப்பிட்டதும் அந்த அண்டை வீட்டுப் பெண்கள்தானே.

மனுத் தாக்கலுக்கு இன்னும் நாள் இருக்கிறது. அதற்கு முன்பே தொடங்கிவிடலாம். மார்ச் 22, தண்ணீர் தினத்தன்று கிராம சபை கூடும். உங்கள் தெரு போர் தண்ணீரை ஒரு பாட்டிலில் பிடித்துக்கொண்டு, குழுப் பெண்களையும் கூட்டிக்கொண்டு போங்கள். அதைப் பரிசோதனைக்கு அனுப்பத் தீர்மானம் எழுதச் சொல்லுங்கள். எழுதி முடித்து, வாசித்துக் காட்டிய பிறகு கையெழுத்துப் போடுங்கள்.