ஒரு நாட்டின் கசப்பான கடந்த காலத்தை அரசியல் சினிமாவால் நேர்மையாகச் சொல்ல முடியுமா?

முடியும். ஆனால் எதிராளியின் குழியைத் தோண்டிக் காட்டும் படங்களை நான் இந்தக் கணக்கில் சேர்க்க மாட்டேன். கேட்டவர் தமிழ்நாட்டுப் படங்களை மனதில் வைத்துத்தான் கேட்டிருப்பார். நான் மட்டக்களப்பு. எனக்கு முதலில் நினைவுக்கு வருவது ஒரு சிங்களப் படம், பிரசன்ன விதானகே 1997இல் எடுத்த 'புரஹந்த களுவர'.

சிப்பாய் மகனின் உடல் என்று சீல் வைத்த பெட்டி ஒன்று வீட்டுக்கு வருகிறது. கண் தெரியாத அப்பா நம்பவில்லை. நட்டஈட்டுப் படிவத்தில் கையெழுத்துப் போட மறுக்கிறார். கடைசியில் புதைத்ததைத் தோண்டினால் உள்ளே வாழைத்தண்டும் கல்லும். 2000இல் அரசாங்கம் படத்தைத் தடுத்தது. அடுத்த வருடம் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகுதான் திரைக்கு வந்தது.

வீட்டில் லப்டொப்பில் ஓடவிட்டபோது அம்மம்மாவும் வந்து உட்கார்ந்தார். அவருக்குச் சிங்களம் தெரியாது, நான் இடையிடையே சொல்லிக்கொண்டிருந்தேன். 1990 செப்டெம்பர் 5ஆம் திகதி வந்தாறுமூலைக் கிழக்குப் பல்கலைக்கழக அகதி முகாமில் இருந்து இராணுவம் கொண்டுபோன 158 பேரில் என் மாமாவும் ஒருவர். மரணச் சான்றிதழ் எடுத்தால் காசு வரும் என்று எத்தனையோ பேர் வந்து சொன்னார்கள், அம்மம்மா எடுக்கவில்லை. படத்தில் படிவத்தை நீட்டியதும் "போடாத, போடாத" என்றார், திரையைப் பார்த்து. பெட்டி திறந்த பிறகு பேச்சில்லை. "அந்தாளுக்குத் தோண்ட ஒரு பெட்டியாவது இருந்திச்சு மனே" என்று எழுந்து போய்விட்டார்.

சரி, ஆமிக்காக எங்களை அழச் சொல்கிறாயா என்று ஒருவர் கட்டாயம் வருவார். நான் யாருக்கும் வக்காலத்து வாங்கவில்லை. தமிழரின் சாவு அந்தப் படத்தில் இல்லை என்பதும் தெரியும். சிங்களவர்கள் தங்கள் ஊர்ப் பெட்டியைத் தோண்டினார்கள், அவ்வளவுதான். நாங்கள்? 1990 ஆகஸ்ட் 3, காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்களைப் புலிகள் சுட்டார்கள். எங்கள் வீட்டில் இருந்து பஸ்ஸில் கால் மணி நேரம்கூட இல்லை. அதைத் தமிழர் ஒருவர் கதைப்படமாக எடுத்து நான் பார்த்ததில்லை. தமிழ் ஆயுத இயக்கங்கள் ஒன்றையொன்று கொன்றதைத் தமிழ் இயக்குநர் ஜூட் ரட்ணம் 2017இல் ஆவணப்படத்தில் பேசியபோது பார்க்காமலேயே திட்டியவர்கள் உண்டு. நானும்தான். பார்த்தது அப்புறம்.

கேள்விக்குச் சம்பந்தம் இல்லை, ஆனாலும் சொல்லிவிடுகிறேன். ஈழத்தமிழர் என்றாலே படத்தில் யாழ்ப்பாணத் தமிழ், அதுவும் அரைகுறை. ஒருவராவது வாயைத் திறந்து, 'பிறகு' என்பதற்கு மட்டக்களப்பில் நாங்கள் சொல்லும் "மறுகா"வைச் சொல்லக் கேட்டிருக்கிறீர்களா? குறும்படம் எடுக்கும் ஒருவரிடம் கேட்டேன், பார்ப்பவர்களுக்குப் புரியாதாம். அம்மம்மாவுக்குச் சிங்களப் படமே புரிந்தது.