பட்டா நிலத்துக்கு ஆக்கிரமிப்பு நோட்டீஸ் வந்தால் என்ன செய்வது?

கேள்வி: எங்கள் தாத்தா 1964-இல் கிரயம் பெற்ற புஞ்சை நிலத்துக்கு எங்கள் பெயரில் பட்டா இருக்கிறது. இப்போது அதில் 12 சென்ட் ‘ஓடைப் புறம்போக்கு’ என்று வட்டாட்சியர் நோட்டீஸ் அனுப்பியுள்ளார். காலி செய்துதான் ஆக வேண்டுமா?

பதில்: நோட்டீஸில் எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று குறிப்பிட்டிருக்கிறது என்பதை முதலில் பாருங்கள். 1905-ஆம் ஆண்டு தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் 7-ஆம் பிரிவு என்றிருந்தால், அது விளக்கம் கேட்கும் நோட்டீஸ் மட்டுமே. உங்கள் விளக்கத்தைப் பரிசீலித்து உத்தரவிட்டு, 6-ஆம் பிரிவின்படி காலி செய்ய அவகாசம் அளித்த பிறகே உங்களை அப்புறப்படுத்த முடியும். நோட்டீஸை வாங்க மறுக்காதீர்கள். கையெழுத்தின் பக்கத்திலேயே பெற்ற தேதியை எழுதுங்கள். பி-மெமோ (ஆக்கிரமிப்புக்கு வருவாய்த் துறை அபராதம் விதித்துத் தரும் அறிவிப்பு) கொடுத்து அபராதம் கேட்டால், ஆட்சேபத்தை எழுத்தில் பதியாமல் கட்டிவிட வேண்டாம். ஆக்கிரமிப்பை நீங்களே ஒப்புக்கொண்டதாகப் பின்னால் அந்த ரசீதையே காட்டுவார்கள்.

விளக்கத்தின் பலம் பழைய ஆவணங்களில்தான் இருக்கிறது. யு.டி.ஆர். பட்டாவை (நில உடைமைப் பதிவேடுகளைப் புதுப்பித்த திட்டத்தில் தரப்பட்ட பட்டாவை) மட்டும் நம்பி நிற்காதீர்கள். அதற்கு முந்தைய நிலவரித் திட்டப் பதிவேடு, பழைய ‘அ’ பதிவேடு (ஒவ்வொரு புல எண்ணின் வகைப்பாட்டையும் காட்டும் கிராமப் பதிவேடு), புலப்படம் (நில அளவை வரைபடம்) ஆகியவற்றின் சான்றிட்ட நகல்களைப் பெற்று, கிரயப் பத்திரத்தின் நான்கெல்லையோடு ஒப்பிடுங்கள். அந்த 12 சென்ட் பழைய பதிவேட்டிலும் ரயத்துவாரி (தனியார் பட்டா நில) புஞ்சையாகவே இருந்தால் உங்கள் நிலை வலுவானது. அதிலேயே ஓடை என்றிருந்தால், பிற்காலத்துப் பட்டா காப்பாற்றும் என்று நான் நம்பிக்கை தரமாட்டேன். நீர்நிலை விஷயத்தில் நீதிமன்றங்கள் மிகக் கண்டிப்பானவை. எதுவானாலும், உங்கள் முன்னிலையில் நில அளவர் அளந்து எல்லை காட்ட வேண்டும் என்று விளக்கத்திலேயே கேளுங்கள்.

உரிமை குறித்து உண்மையான தகராறு இருக்கும்போது, இச்சட்டத்தின் சுருக்கமான நடைமுறையைக் கொண்டு அரசு ஒருவரை வெளியேற்ற முடியாது, உரிமையியல் நீதிமன்றத்துக்கே போக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1982-இல் தும்மலா கிருஷ்ணா ராவ் வழக்கில் கூறியது. அந்த வழக்கு ஆந்திரத்தைச் சேர்ந்தது என்றாலும், அங்கே நடைமுறையில் இருந்ததும் இதே 1905-ஆம் ஆண்டுச் சட்டம்தான். ஆகவே, தலைமுறைகளாக அனுபவத்தில் இருக்கும் நிலம் என்பதைக் கிரயப் பத்திரம், தீர்வை ரசீது, அடங்கல் (கிராமச் சாகுபடிக் கணக்கு) ஆகியவற்றோடு விளக்கத்தில் சொல்லி, இந்தத் தீர்ப்பையும் சுட்டிக்காட்டுங்கள். நேரில் கொடுத்தால் ஒப்புகை வாங்குங்கள். கூடவே பதிவுத் தபாலிலும் அனுப்புங்கள்.

அப்படியும் பாதகமான உத்தரவு வந்தால், 10-ஆம் பிரிவின்படி மேல்முறையீடு செய்து, அத்துடன் தடை கோரும் மனுவும் கொடுங்கள். விளக்கத்தைப் பரிசீலிக்காமலே இடிக்க வந்தால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். உரிமையையே நிலைநாட்ட உரிமையியல் வழக்குதான் வழி. அரசுக்கு எதிரான வழக்குக்கு இரண்டு மாத முன்னறிவிப்பு தேவை என்பதால் தயங்க வேண்டாம். அவசரமான நிலையில் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80(2) பிரிவின்படி நீதிமன்ற அனுமதி பெற்று, முன்னறிவிப்பின்றியே வழக்குத் தொடரலாம்.