முந்திரிக்கொட்டை தானாக விழட்டும்

கேள்வி: காரைக்குடி அருகே செம்மண் நிலத்தில் பத்து வயது முந்திரி மரங்கள் இருக்கின்றன. சென்ற ஆண்டு காய்ப்புக்குக் குறைவில்லை. ஆனால் பருப்பு சூம்பியிருப்பதாகச் சொல்லி வியாபாரி விலையைக் குறைத்துவிட்டார். பூவிலேயே முன்பணம் வாங்கியிருந்ததால், அவர் அவசரப்படுத்தத் தொரட்டியால் உலுக்கி ஒரே வாரத்தில் அறுவடையை முடித்தோம். பருப்பு திரளுவதற்கென்று உரக்கடையில் ஊக்கி மருந்து ஒன்று தருகிறார்கள். இப்போது பூக்கும் நேரத்தில் தெளிக்கலாமா?

பதில்: தெளிக்க வேண்டாம், ஐயா. துளிரும் பூங்கொத்தும் கருகி, கொட்டையின் தோலில் கரும்புள்ளி வடுக்கள் இருந்தால் அது தேயிலைக் கொசு என்கிற சாறுறிஞ்சும் பூச்சியின் வேலை. அதற்கான மருந்தை வேளாண் அலுவலரிடம் கருகிய துளிரைக் காட்டிக் கேளுங்கள். தாங்கள் அப்படி எதையும் எழுதவில்லை. தாங்கள் எழுதிய தொரட்டியிலும் முன்பணத்திலும்தான் காரணம் இருக்கிறது.

முந்திரியில் முதலில் வளர்வது கொட்டை. பழம் பின்னால்தான் பருக்கிறது. பிஞ்சு பிடித்து ஏறத்தாழ ஒரு மாதத்தில் கொட்டை தன் முழு அளவை எட்டிப் பச்சையாகத் தொங்கும்; அதன்பின் பழம் பருக்கப் பருக்க, ஓடு இறுகிச் சாம்பல் நிறமாகிக் கொட்டை சற்றே சிறுக்கும், அந்தக் கடைசி வாரங்களில்தான் உள்ளே பருப்பு திரண்டு கெட்டிப்படும். ஆகவே மரத்தில் பெரிதாகத் தெரிகிற பச்சைக் கொட்டையைப் பார்த்து முற்றியது என்று உலுக்கினால், ஓடு கிடைக்கும், பருப்பு கிடைக்காது. இதை எந்தப் பாட்டில் மருந்தும் ஈடுசெய்யாது. சூம்பலின் காரணத்தைக் கேட்காமலே ஊக்கி விற்கிற கடைக்காரரின் பேச்சை நம்பிப் பணத்தைக் கரைக்காதீர்கள்.

என்னைக் கேட்டால், முந்திரித் தோப்புக்குள் தொரட்டியே நுழையக்கூடாது. மரத்தடியை மாசி பிறக்கும்போதே கூட்டிச் சுத்தம் செய்துவிட்டு, பழத்தோடு தானாக விழுந்ததை மட்டும் தினமும், முடியாவிட்டால் ஒரு நாள் விட்டு ஒரு நாள், பொறுக்குங்கள். ஒரே மரத்தில் பூவும் பிஞ்சும் பழமும் சேர்ந்து நிற்பதால் அறுவடை வாரக்கணக்கில் நீளத்தான் செய்யும். இந்தப் பொறுமையை முன்பணம் கொடுத்தவர் தரமாட்டார். பூவில் விலை பேசுவதை இந்த ஆண்டே நிறுத்துங்கள். கைச்செலவுக்கு வேறு வழியே இல்லையென்றால், விழுந்த கொட்டையை மட்டுமே தருவேன் என்று முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள்.

பழத்தைத் திருகி நீக்கிய கொட்டையைத் தண்ணீரில் போட்டு, மிதப்பதைத் தனியே ஒதுக்குங்கள். மூழ்கியதைக் களத்தில் புரட்டிப் புரட்டி இரண்டு, மூன்று நாள் காயவைத்தபின், குலுக்கினால் உள்ளே பருப்பு ஆடும் சத்தம் கேட்கும். அதைச் சாக்கில் கட்டி, தரை ஈரம் ஏறாதபடி பலகைமேல் அடுக்குங்கள். வீட்டுக்குச் சுடுவதானால் திறந்த வெளியில் சுடுங்கள். ஓட்டிலிருந்து கசியும் எண்ணெய் தோலைப் புண்ணாக்கும், புகையும் கண்ணுக்கு ஆகாது.