நாயைக் கொன்ற சிங்கம்

அன்புள்ள ஐயா,

மணிமேகலை வாசிக்கிறேன். 29ஆம் காதையில் அறவண அடிகள் தர்க்கப் பாடம் நடத்த ஆரம்பித்ததும் பக்கங்களைத் தள்ளிவிட்டேன். தர்க்கம் மூளைக்கு, கவிதை மனதுக்கு இல்லையா? அந்தக் காலத்தில் ஏன் இரண்டையும் போட்டுக் குழப்பினார்கள்? இந்தியத் தர்க்கத்தை எந்த நூலில் தொடங்கலாம்?

ர.

அன்புள்ள ர.,

அன்னம்பட்டரின் தர்க்க சங்கிரகத்தில் தொடங்குங்கள். சின்ன நூல்தான்.

மூளைக்கு, மனதுக்கு என்று பாகப்பிரிவினை செய்கிறீர்களே, அதுதான் எரிச்சலூட்டுகிறது. எனக்குப் பாடம் சொன்ன ஒருவரும் இப்படித்தான். இந்தப் பாட்டில் இந்தப் பொருள் எப்படி வருகிறது என்று கேட்டால், "உணர்ந்து பார்" என்று வாயை அடைத்துவிடுவார். அதே கேள்விக்குக் காஷ்மீரத்தில் தலைமுறை தலைமுறையாக மல்லுக்கு நின்றிருக்கிறார்கள்.

சண்டைக்குக் காரணம் ஒரு பிராகிருதப் பாட்டு. கோதாவரிக் கரைப் புதரில் ஒருத்தி காதலனைச் சந்திப்பாள். ஒரு பக்திமான் அந்தப் பக்கம் வந்து தொல்லை தருகிறார். அங்கே திரியும் நாயிடம் அவருக்குப் பயம். "இனி பயமில்லாமல் உலாவுங்கள் ஐயா, அந்த நாயைப் புதரில் இருக்கிற சிங்கம் கொன்றுவிட்டது" என்கிறாள். வாய் வரச் சொல்கிறது, பொருளோ வராதே என்கிறது.

9ஆம் நூற்றாண்டில் கவிதைக் கோட்பாட்டாளர் ஆனந்தவர்த்தனர் இதைத் தொனி, அதாவது சொல்லாமல் குறிப்பாக உணர்த்துவது, என்றார். நையாயிகரான, அதாவது நியாயம் என்ற தர்க்கப் பள்ளியைச் சேர்ந்த, ஜயந்தபட்டர், "தன்னைப் பண்டிதன் என்று நினைத்துக்கொண்ட யாரோ" என்று பெயர் சொல்லாமல் குத்திவிட்டு, கவிகளோடு இந்த விவாதம் அழகல்ல என்று நகர்ந்துவிட்டார். இத்தனைக்கும் அவரே நாடகம் எழுதியவர்! 11ஆம் நூற்றாண்டில் வந்த மகிமபட்டர் அப்படி விடவில்லை. புகையைக் கண்டு நெருப்பை அறிகிறோம், சிங்கம் என்றதும் 'போகக் கூடாது' என்று அறிகிறோம். இரண்டும் அனுமானமே, அதாவது ஓர் அடையாளத்தைக் கொண்டு இன்னொன்றை அறிவதே, தொனி என்று தனியாக ஒன்று வேண்டாம் என்றார். வியக்திவிவேகம் என்று ஒரு முழு நூலே இதற்காக எழுதினார்.

பின்னால் வந்த மம்மடர் கவிதையின் கட்சி, தொனியை ஏற்றவர். ஆனால் அவர் "உணர்ந்து பார்" என்று சொல்லவில்லை, தர்க்கத்தின் ஆயுதத்தையே எடுத்தார். பயந்தவனும் குருவோ எஜமானனோ சொன்னால், காதல் இழுத்தால், போவான். எனவே ஏது, அதாவது அனுமானத்துக்குக் காட்டும் காரணம், அநைகாந்திகம்: ஒரே முடிவுக்குக் கொண்டுபோகாதது. நாய்க்கு அஞ்சுகிறவன் வீரனாக இருந்து சிங்கத்துக்கு அஞ்சாமலும் இருக்கலாம், எனவே விருத்தம்: எதிர்முடிவுக்கு இட்டுச்செல்வது. அங்கே சிங்கம் இருப்பதற்கு அவள் பேச்சைத் தவிரச் சான்றில்லை, எனவே அசித்தம்: காரணமே நிறுவப்படாதது. நீங்கள் தள்ளிவிட்ட பக்கங்களில் அறவண அடிகள் சொல்லும் ஏதுப்போலிகளும், அதாவது காரணம்போலத் தோன்றும் பிழைகளும், இதே மூன்றுதான். அதை உட்கார்ந்து படிக்காதவருக்கு இந்தச் சண்டையில் பாதி ருசிகூடக் கிடைக்காது.

வழக்கில் மம்மடர்தான் ஜெயித்தார் என்பார்கள். சரி. எனக்கென்னவோ மகிமபட்டர் மேல்தான் பிரியம். அனுமானம் இல்லையென்றால் வேறு எந்த வழியில் அந்த 'வராதே' நம்மிடம் வந்து சேருகிறது? மம்மடர் கைகாட்டும் வியஞ்சனை, அதாவது சொல்லின் குறிப்புணர்த்தும் ஆற்றல், எனக்கு இன்னும் முழுசாகத் திருப்தி தரவில்லை.